நீங்கள் வெளியே நின்றதற்கு நன்றி, மாப்பிள்ளை

மில்லர்ஸ் பெண்ட், அயோவா
செவ்வாய்க்கிழமை, காலைச் சாப்பாட்டுக்குப் பின்

மரியாதைக்குரிய மாப்பிள்ளை ரஸ்ஸல் அவர்களுக்கு மாமனார் எல்வுட் கிராஃப் மிகுந்த அன்போடு எழுதிக்கொள்வது. இங்கே நானும் உங்கள் மாமியார் லொரீனும் கிழட்டு நாய் டியூக்கும் சுகமாக இருக்கிறோம். என் வலது காதின் நுனி மட்டும் இன்னும் பீட்ரூட் நிறத்தில் இருக்கிறது. அதன் காரணம் போகப்போக வரும். அங்கே நீங்களும் என் மகள் கொலீனும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

இது ஒரு நன்றிக் கடிதம். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நடுவில் சில இடங்களில் உங்களுக்கு அப்படித் தோன்றாமல் போகலாம்.

நீங்கள் முதன்முதலாக எங்கள் வீட்டுக்கு வந்த நன்றித் திருநாள் நினைவிருக்கிறதா? நான் வான்கோழியை வெட்டிக்கொண்டிருந்தேன். பேச ஒன்றும் அகப்படாமல் நீங்கள் என்னைக் கேட்டீர்கள்: "சார், கொலீன் உங்க வகுப்புலதானே பூகோளம் படிச்சா? அவ பேப்பரை யார் திருத்தினாங்க?" ஊரில் பூகோள வாத்தியார் நான் ஒருவன்தான் என்றும், அதனால் அவள் விடைத்தாளை மட்டும் விவசாயப் பாட வாத்தியாரிடம் கொடுத்துவிடுவேன் என்றும், அவள் கடலே இல்லாத பொலிவியாவைக் கடற்கரையில் கொண்டுபோய் வைத்திருந்ததை அந்த மனிதர் கவனிக்காமல் கையெழுத்து அழகாக இருக்கிறது என்று முழு மதிப்பெண் போட்டுவிட்டார் என்றும் சொன்னேன். எல்லோரும் சிரித்தோம். ஆனால் அந்தக் கேள்விக்குள் இருந்த கேள்விக்குப் பதில் வரவில்லை என்பதை நீங்களும் கவனித்தீர்கள், நானும் கவனித்தேன். சொந்தப் பிள்ளைக்கு யார் மதிப்பெண் போடுவது? இத்தனை வருஷம் கழித்து, போன சனிக்கிழமை, சர்ச்சுக்கு வெளியே பனியில் நின்றுகொண்டிருந்தபோது எனக்குப் பாதி பதில் கிடைத்தது. மீதிப் பாதியை உங்கள் மகள் சொன்னாள்.

உங்களுக்குத் தெரிந்த விஷயங்களையும் வரிசையாகத்தான் சொல்வேன். அது என் தொழில் பழக்கம், பொறுத்துக்கொள்ளுங்கள். எங்கள் ஊர் அட்வெல் கல்லூரிப் பெண்கள் கூடைப்பந்து அணி இந்த வருஷம் லீக் முழுக்க ஜெயித்துக்கொண்டே வந்தது. கடைசி ஆட்டத்தில் ஜெயித்திருந்தால் யாருடைய தயவும் இல்லாமல் நேராக தேசியப் போட்டிக்குப் போயிருப்பார்கள். இரண்டு புள்ளி பின்தங்கியிருந்தபோது, கடிகாரம் ஓடி முடிந்த நிலையில், உங்கள் மகள் நம் டெஸ்ஸுக்கு, யாரும் மறிக்காமல் எறிய, இரண்டு ஃப்ரீ த்ரோ கிடைத்தது. முதலாவது வலைக்குள் விழுந்தது. இரண்டாவது வளையத்தை ஒரு சுற்றுச் சுற்றி, யோசித்து, வெளியே விழுந்தது. அவள் எதிர் அணிப் பெண்கள் எல்லோருக்கும் கைகொடுத்துவிட்டு, பந்தை எடுத்து நடுவரிடம் கொடுத்துவிட்டு வந்தாள். அவளுக்கு இது கடைசி வருஷம். மே மாதம் பட்டம் வாங்கி நர்ஸ் வேலைக்குப் போகிறவள். இனி அட்வெல் போட்டிக்குள் போகவேண்டுமானால், மீதி அணிகளைத் தேர்ந்தெடுக்கும் உங்கள் தேர்வுக் குழு மனம் வைக்கவேண்டும். வைக்காவிட்டால் அந்த வெளியே விழுந்த பந்துதான் அவள் வாழ்க்கையில் ஆடிய கடைசிப் பந்து. எங்கள் கவலை முழுவதும் அது ஒன்றுதான்.

கடைசி ஓர் இடத்துக்கு இரண்டு அணிகள் மிச்சம் என்று வானொலியில் சொல்லிக்கொண்டிருந்தார்கள். அட்வெல், இல்லாவிட்டால் பிரிஸ்கோ பல்கலைக்கழகம். பிரிஸ்கோ பெரிய லீக்கில் ஆடி, பாதிக்குப் பாதி தோற்று, ஆனால் பெரிய பெரிய அணிகளிடம் தோற்று, அதையே ஒரு பெருமையாகச் சொல்லிக்கொள்ளும் கூட்டம். இந்தப் பேச்சு பெர்னடீன் கஃபேயில் காலை காபியோடு தினமும் நடந்தது. பெர்னடீனை உங்களுக்குத் தெரியும். எழுபது தாண்டியவள், பெண்கள் கூடைப்பந்தை ஓர் அணிக்கு ஆறு பேராக ஆடிய அந்தக் காலத்தில் மாநிலப் போட்டி வரை போனவள். இப்போதும் ரொட்டித் தட்டைக் கொடுக்கும்போது பந்து பாஸ் செய்வதுபோல்தான் கொடுப்பாள். பன்றிப் பண்ணை விர்ஜிலும் உங்களுக்குத் தெரியும். உங்கள் கல்யாணத்தில் கேக் மேஜைமேல் சாய்ந்தவர்.

"வாத்தியாரே, ஒங்க மாப்பிள்ளைதானே அந்தக் கமிட்டியில இருக்காரு?" என்றாள் பெர்னடீன். "ஒரு வார்த்தை சொன்னா முடிஞ்சு போச்சு."

"அவர் சொல்ல முடியாது. பொண்ணு ஆடற டீம் பேரு வந்தா அவர் எழுந்து வெளிய போயிடணும். அது விதி."

"வெளியன்னா?"

"வெளியன்னா வெளிய. வராந்தாவுல."

"பெத்த அப்பன் வராந்தாவுல நிக்கறதா?" என்றார் விர்ஜில். "போன ஆகஸ்ட்ல கண்காட்சியில என் பன்னிக்குப் பரிசு குடுத்தப்ப நான் பக்கத்துலயேதான் நின்னேன். முதுகைச் சீவி விட்டுட்டே இருந்தேன். வெளிய போன்னு ஒருத்தனும் சொல்லல. பன்னிக்கு உள்ள மரியாதை நம்ம டெஸ்ஸுக்கு இல்லியா?"

"ஒங்க மாப்பிள்ளைக்கு வாய் இல்லன்னு சொல்லுங்க," என்றாள் பெர்னடீன். சொல்லிவிட்டு என் காபியை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். பாதிதான் குடித்திருந்தேன்.

மாப்பிள்ளை, உங்களை ஒருவர் குறைசொல்லி நான் கேட்டுக்கொண்டிருக்க முடியாது. அதே சமயம் பெர்னடீனோடு வாதாடி ஜெயித்தவர்கள் இந்த மாவட்டத்தில் இல்லை. பிள்ளைகளுக்கு ஒன்று புரியவில்லை என்றால் உதாரணத்தால் விளக்கு, உதாரணமும் புரியவில்லை என்றால் செய்து காட்டு என்பதுதான் நான் வகுப்பில் கடைப்பிடித்த முறை. அதனால் சனிக்கிழமை மத்தியானம் சர்ச்சின் கீழ்த்தளத்தில் நாமே ஒரு தேர்வுக் குழு நடத்துவோம் என்று அறிவித்தேன். உங்கள் குழுவில் என்னென்ன விதியோ அத்தனையும் இதிலும் உண்டு. சம்பந்தமுள்ளவர்கள் எழுந்து வெளியே போகவேண்டும். அப்போதுதான் விதியின் அருமை இவர்களுக்கு விளங்கும் என்று நினைத்தேன். விளங்கியது, எனக்கும் சேர்த்து.

கூட்டத்துக்கு என்னையும் சேர்த்துப் பன்னிரண்டு பேர். வழக்கம்போல் ஆளுக்கொரு பாத்திரம் கொண்டுவந்திருந்தார்கள். காரமான பீன்ஸ் குழம்பு மட்டும் நான்கு பேர் கொண்டுவந்ததால், அதில் எது நல்லது என்று ஒரு தேர்வுக் குழு தனியாக நடந்து, அரைமணி நேரம் போய், ஒருவர் மனம் புண்பட்டு, பிறகுதான் நான் கரும்பலகையில் அட்வெல் என்று ஒரு பக்கமும் பிரிஸ்கோ என்று ஒரு பக்கமும் எழுதினேன். ஊருக்குப் புதிதாக வந்திருக்கும் மாட்டு டாக்டர் ரெனாட்டா குபிக்கும் வந்திருந்தார். செப்டம்பரில் வந்தவர். ஊரில் எல்லோர் தொழுவமும் அவருக்குத் தெரியும், யார் வீட்டுக் கூடமும் தெரியாது. தன் வண்டியைச் சமையலறைப் பக்கம் நிறுத்திவிட்டு, போனை மேஜைமேல் வைத்துக்கொண்டு, நம் ஊர் வழக்கப்படியே பெர்னடீனின் இலவங்கப்பட்டை ரொட்டிச் சுருளைக் குழம்பில் தோய்த்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

வாதம் நன்றாகவே தொடங்கியது. நான் ஓர் உதாரணம் சொன்னேன்: ஒரு பையன் சுலபமான பரீட்சையில் தொண்ணூறு வாங்குகிறான், இன்னொருவன் கடினமான பரீட்சையில் ஐம்பத்தைந்து வாங்குகிறான், யார் கெட்டிக்காரன்?

"ரெண்டு பேருக்கும் ஒரே பரீட்சை வைக்காத வாத்தியார்தான் முட்டாள்," என்றார் விர்ஜில்.

"அதைத்தான் நானும் சொல்றேன்," என்றாள் பெர்னடீன். "பிரிஸ்கோகாரனை இங்க வந்து நம்ம பொண்ணுங்களோட ஆடச் சொல்லுங்க. வரமாட்டான். நாலு வருஷமா நம்ம கோச் கூப்பிட்டுட்டே இருக்காங்க. வரமாட்டேங்கறான். அப்புறம் அட்வெல் பெரிய டீமோட ஆடலைன்னு நம்ம மேலயே குத்தம். வீட்டுக்குக் கூப்பிட்டா வராதவன், என் சமையல் நல்லால்லன்னு ஊரெல்லாம் சொன்னா எப்படி இருக்கும்?"

"வெளியூர் போய் அட்வெல் யாரை ஜெயிச்சாங்க?" என்று டாக்டர் கேட்டார். சாதாரணமாகத்தான் கேட்டார். ஆனால் எல்லோரும் ஸ்பூனைக் கீழே வைத்துவிட்டார்கள்.

"டாக்டரம்மா, நீங்க யாரு பக்கம்?" என்றார் விர்ஜில்.

"நான் யார் பக்கமும் இல்ல. பிரிஸ்கோ தோத்திருக்காங்க, வாஸ்தவம். ஆனா அவங்களைத் தோக்கடிச்ச டீம்ல ஒண்ணையாவது அட்வெல் ஜெயிப்பாங்களா? அதான் கேட்டேன்."

இந்த இடத்தில்தான், மாப்பிள்ளை, ஓட்டெடுப்புக்கு நேரமாயிற்று என்று நான் எழுந்து, விதிப்படி நான் டெஸ்ஸின் தாத்தா, ஆகையால் தலைவராகிய நானே முதலில் வெளியேறுகிறேன் என்று சொல்லி, கொஞ்சம் நாடகமாகவே சொல்லி, கதவைத் திறந்துகொண்டு வெளியே போனேன். உதாரணமாக இருக்கவேண்டும் அல்லவா? இரண்டு நிமிஷத்தில் திரும்பிவிடுவோம் என்ற எண்ணத்தில் கோட்டை நாற்காலியிலேயே விட்டிருந்தேன். கதவு மூடுவதற்குள் உள்ளே பெர்னடீன் குரல் கேட்டது: "விர்ஜிலு, ஒன் தங்கச்சி பையன்தானே டீம் பஸ்ஸை ஓட்டறான்? எழுந்திரு."

"பஸ் ஓட்டறது ஒரு சம்பந்தமா?"

"சம்பளம் வாங்கறானா இல்லியா?"

விர்ஜில் வெளியே வந்து என் பக்கத்தில் நின்றார். வரும்போது கதவைப் பிடித்துக்கொண்டே உள்ளே பார்த்து, "நீ மட்டும் என்னவாம்? ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால அந்தப் பொண்ணுங்களுக்கு ஓசியில ரொட்டிச்சுருள் குடுக்கறே!" என்று கத்தினார். பெர்னடீன் வந்தாள். அதற்குப் பிறகு யாரையும் யாரும் விரட்டவேண்டியிருக்கவில்லை. நம் ஊர் ஜனங்களின் மனசாட்சி உங்களுக்குத் தெரியும். ஒருமுறை கிளம்பிவிட்டால் நிற்காது. கோச் கல்யாணத்தில் ஆர்கன் வாசித்தவள் தானாக எழுந்து வந்தாள். அணிக்குக் கம்பளிக் காலுறை பின்னிக்கொடுத்த சகோதரிகள் இருவரும் வந்தார்கள். அணியின் பஸ் தன் வாத்தை ஏற்றிக் கொன்றதால் தனக்கு அட்வெல் மேல் மனத்தாங்கல் உண்டு, ஆகவே எதிர்ப்பக்கமாகச் சாய்ந்துவிடுவேனோ என்று பயமாக இருக்கிறது என்று சொல்லி ஒருவர் வந்தார். கடைசியில் உள்ளே டாக்டர் குபிக் ஒருவர்தான் மிச்சம். "டாக்டரம்மா, அட்வெல்ல ஒங்களுக்கு யாரையாவது தெரியுமா?" என்று கதவிடுக்கில் தலையை விட்டு நானே கேட்டேன். "ஒருத்தரையும் தெரியாது சார்," என்றார் அவர், வாய் நிறைய ரொட்டியோடு. "அப்ப நீங்கதான் குழு," என்று சொல்லித் தலையை வெளியே எடுத்தேன். காற்று வந்து கதவை அறைந்து சாத்தியது. அது வெளியிலிருந்து சாவி இல்லாமல் திறக்காத கதவு. சாவி என் கோட்டில் இருந்தது. கோட்டு நாற்காலியில் இருந்தது.

பதினொரு பேர் சர்ச் படிக்கட்டில் கோட்டில்லாமல் நின்றோம். மார்ச் மாதம்தான், ஆனால் வடக்கேயிருந்து வந்த காற்றுக்கு யாரும் அதைச் சொல்லவில்லை.

"தட்டுங்க வாத்தியாரே," என்றார் விர்ஜில்.

"தட்டக் கூடாது. உள்ள ஓட்டு நடக்குது. இப்பத் தட்டினா சிபாரிசு பண்ற மாதிரி ஆயிடும்."

"மெதுவாத் தட்டலாமே?"

"மெதுவாத் தட்டினா கெஞ்சற மாதிரி ஆயிடும்," என்றாள் பெர்னடீன். எனக்கு ஆச்சரியம். விதி அவளைப் பிடித்துக்கொண்டுவிட்டது. "சமையக்கட்டு வழியாப் போகலாமா?" என்று காலுறைச் சகோதரிகளில் ஒருத்தி கேட்டாள். அதுவும் உள்ளே போவதுதான், முடியாது என்று எல்லோரும் சேர்ந்தே சொன்னோம். ஆகவே நின்றோம். பெர்னடீன் எங்களைக் கால் மாற்றிக் கால் குதிக்கச் சொன்னாள், ஆறு பேர் ஆட்டக் காலத்துப் பயிற்சி அது. குதித்தோம். அந்த நேரம் ரோட்டில் ஒரு பிக்கப் வண்டி ஹார்ன் அடித்துக்கொண்டு போனது. ஓட்டியவர் கையை ஆட்டி என்னமோ கத்தினார், காற்றில் கேட்கவில்லை. எந்த வண்டி போனாலும் நாங்கள் கையாட்டுவோம், அதற்கும் ஆட்டினோம். "நம்ம டாக்டரம்மா வண்டி மாதிரியே இன்னொருத்தர் வெச்சிருக்காங்க பாரு," என்றார் விர்ஜில். "அதே பச்சை."

"டாக்டரம்மா ரொம்ப நேரம் யோசிக்கறாங்க," என்றாள் பெர்னடீன் கொஞ்சம் கழித்து. பல் கிடுகிடுத்தது. ஆனால் குரலில் ஒரு மரியாதை. "சும்மா ஏனோதானோன்னு முடிவு பண்ற ஆளில்ல. எடைபோட்டுப் பாக்கறாங்க. நல்லது." எல்லோரும் தலையாட்டினோம். நேரமாக ஆக எங்களுக்கு நம்பிக்கை கூடிக்கொண்டே போனது. என் காது மரத்துப்போனதும், வெளியே நிற்பதுதான் நம் வேலை என்ற பாதி பதில் கிடைத்ததும் அப்போதுதான்.

கடைசியில் உள்ளிருந்து கதவு திறந்தது. திறந்தவர் டாக்டர் இல்லை, உங்கள் மாமியார். இரண்டாவது தட்டு ரொட்டிச் சுருளோடு சமையலறை வழியாக வந்திருக்கிறாள். பன்னிரண்டு நாற்காலி, பதினொரு கோட்டு, கொதித்து வற்றிக்கொண்டிருக்கும் காபிப் பாத்திரம், ஓர் ஆள் இல்லை. "ஏங்க," என்றாள் லொரீன், "உள்ள ஒருத்தருமே இல்லியே. நீங்கள்லாம் யாருக்காக நிக்கறீங்க?"

கரும்பலகையில், பிரிஸ்கோ என்ற பெயரைச் சுற்றி ஒரு வட்டம். கீழே டாக்டரின் கையெழுத்தில்: "மன்னிக்கவும். ஹோஃப்மன் பண்ணையில் பிரசவத்தில் கன்று குறுக்கே மாட்டிக்கொண்டது."

பெர்னடீன் கரும்பலகையைப் பார்த்தபடி நின்றாள். துடைப்பானை எடுத்தாள். பிறகு அதை அப்படியே வைத்துவிட்டாள். "வெளிய நின்னுட்டோம்," என்றாள். "இனிமே அழிச்சா, நின்னது வீணாயிடும்." கோட்டுகளைப் போட்டுக்கொண்டு, ஆறிப்போன குழம்பைச் சாப்பிட்டோம். மாப்பிள்ளை, அவள் வாயால் இதைச் சொன்னாள் என்று நான் நீதிமன்றத்தில் வேண்டுமானாலும் சொல்வேன். டாக்டர் குபிக்கைப் பற்றியும் ஒன்று சொல்லவேண்டும். ஊர் முழுக்கக் கோபித்துக்கொள்ளும் என்று தெரிந்தும், எந்த உறவும் எந்த ஆசையும் இல்லாமல், சரி என்று பட்டதை எழுதிவிட்டு மாட்டுக்கு உதவப் போன அந்தப் பெண்மணிபோல் ஒரு நடுநிலையாளரை நான் முப்பத்தைந்து வருஷ வாத்தியார் வேலையில் பார்த்ததில்லை.

ஞாயிற்றுக்கிழமை மாலை அதே கீழ்த்தளத்தில் தொலைக்காட்சியில் அணிகளின் பெயர்களைச் சொல்லச்சொல்லப் பார்த்தோம். டெஸ் எனக்கும் லொரீனுக்கும் நடுவில் உட்கார்ந்திருந்தாள். அவள் அணிப் பெண்கள் தரையில். ஒவ்வொரு பெயர் வரும்போதும் ஒரு பெண்ணின் தோள் கொஞ்சம் இறங்கும். கடைசியில் பிரிஸ்கோ என்று வந்தது. அட்வெல் வரவில்லை. யாரும் தொலைக்காட்சியை அணைக்கவில்லை, அணைக்க யாருக்கும் மனம் வரவில்லை. விர்ஜில் மட்டும் தன் தொப்பியிடம் சொல்வதுபோல், "டாக்டரம்மா சொன்னதேதான்," என்றார். டாக்டர் காபிக் கோப்பைக்குள் பார்த்துக்கொண்டிருந்தார்.

கொஞ்ச நேரத்தில் நீங்கள் டெஸ்ஸைப் போனில் கூப்பிட்டீர்கள். அவள் ஒரு மூலைக்குப் போய்ப் பேசினாள். திரும்பி வந்தபோது கண் சிவந்திருந்தது. ஆனால் முகத்தில் என்னமோ ஒன்று தெளிந்திருந்தது.

"ஒங்கப்பா என்ன சொன்னாரு?" என்று பெர்னடீன் கேட்டாள். கேட்ட விதத்தில் சனிக்கிழமை கற்றதெல்லாம் பறந்துவிட்டது. "ஒரு வார்த்தையாவது பேசினாராமா?"

"இல்ல. ரெண்டு தடவை வெளிய போனாராம். ஓட்டல் வராந்தாவுல, ஐஸ் மெஷினுக்குப் பக்கத்துல நின்னாராம். முதல் தடவை கொஞ்ச நேரம்தான். ரெண்டாவது தடவை எங்க பேரு மறுபடி வந்தப்ப ரொம்ப நேரம் ஆச்சாம். கால் வலிச்சு ஐஸ் மெஷின்மேல உக்காந்துட்டாராம்."

"அதனால என்ன பிரயோசனம்?"

"ரொம்ப நேரம் ஆச்சுன்னா என்ன அர்த்தம் பெர்னடீன் பாட்டி? உள்ள யாரோ எங்களுக்காகச் சண்டை போட்டிருக்காங்க. அப்பா இல்ல. எங்களை நேர்ல பாத்தேயிராத யாரோ." அவள் போனைப் பைக்குள் வைத்தாள். "அப்பா உள்ள இருந்திருந்தா, அது அப்பா போட்ட சண்டையாத்தான் இருந்திருக்கும்."

பெர்னடீன் ஒரு ரொட்டிச் சுருளை எடுத்து டெஸ்ஸின் கையில் வைத்தாள். பாஸ் செய்யவில்லை, வைத்தாள்.

நான் சொன்ன மீதிப் பாதிப் பதில் இதுதான், மாப்பிள்ளை. சொந்தப் பிள்ளைக்கு யார் மதிப்பெண் போடுவது? யார் வேண்டுமானாலும் போடட்டும். நாம் எழுந்து வெளியே போனால்தான் அவள் வாங்கிய மதிப்பெண் அவளுடையது என்று அவளுக்கே தெரியும். பெயர் தெரியாத அந்த மனிதர்கள் அத்தனை நேரம் அவளுக்காக வாதாடினார்கள் என்பதை நீங்கள் உள்ளே இருந்திருந்தால் அவள் ஒருநாளும் அறிந்திருக்க மாட்டாள். அதற்காகத்தான் இந்த நன்றி. ஐஸ் மெஷின்மேல் உட்கார்ந்ததற்குத் தனியாக ஒரு நன்றி.

இன்னும் ஒன்று. அன்றைக்கே டெஸ் கோச்சிடம் அரங்கத்துச் சாவியைக் கேட்டு வாங்கினாள். எதற்கு என்று யாரும் கேட்கவில்லை, எல்லோரும் பின்னால் போனோம். வாசலில் அவள் திரும்பி நின்று எங்களைப் பார்த்தாள்.

"நீங்க எல்லாரும் சொந்தக்காரங்க," என்றாள். "வெளிய நில்லுங்க."

நின்றோம். இந்த முறை கோட்டோடு. உள்ளே விளக்கு எரிந்தது. பந்து மூன்று முறை தரையில் தட்டும் சத்தம் கேட்டது, எறிவதற்கு முன்னால் அவள் எப்போதும் மூன்று முறைதான் தட்டுவாள், அதைப் பல தடவை பார்த்திருக்கிறோம். அப்புறம் ஒன்றும் கேட்கவில்லை. பிறகு பந்து தரையில் விழுந்து உருண்டது. வளையத்தில் பட்டதா, வலைக்குள் விழுந்ததா என்று கதவு எங்களுக்குச் சொல்லவில்லை. விளக்கு அணைந்தது. டெஸ் வெளியே வந்து கதவைப் பூட்டினாள்.

"விழுந்துச்..." என்று பெர்னடீன் ஆரம்பித்தாள். விர்ஜில் அவள் காலை மிதித்தார்.

"பசிக்குது தாத்தா," என்றாள் டெஸ். "குழம்பு மிச்சம் இருக்கா?"

நான்கு பாத்திரம் மிச்சம் இருந்தது. நால்வர் கொண்டுவந்ததையும் சாப்பிட்டாள். எது நல்லது என்று சொல்ல மறுத்துவிட்டாள்.

என் அருமை மகளுக்கு என் முத்தங்கள். உங்களுக்கு நீண்ட ஆயுளும், அடுத்த வருஷக் குழுவில் உட்கார நல்ல நாற்காலியும், வெளியே உட்கார அதைவிட நல்ல நாற்காலியும் கிடைக்க வேண்டுமென்று ஆண்டவரை வேண்டிக்கொள்கிறேன். பெர்னடீன் உங்களுக்கு வாய் இருக்கிறது என்று ஒப்புக்கொண்டதாகத் தெரிவிக்கச் சொன்னாள். விர்ஜில் விசாரித்ததாகச் சொல்லச் சொன்னார். லொரீன் தன் அன்பையும் ஒரு டப்பா ரொட்டிச் சுருளையும் அனுப்புகிறாள்.

என்றும் நன்றியுள்ள மாமனார்,
எல்வுட் கிராஃப்

பின்குறிப்பு: உறையை ஒட்டுவதற்குள் டாக்டர் குபிக் டியூக்கின் நகம் வெட்ட வந்தார். பாதத்தைப் பிடித்துக்கொண்டு, ரொம்ப சாதாரணமாக, "எங்கக்கா பொண்ணுக்கு ஒரே குஷி சார், பிரிஸ்கோ டீம் பெஞ்சுல உக்காந்திருக்கா, ஆடறதில்ல, ஆனாலும் போட்டிக்குப் போறாளே," என்றார். நான் டியூக்கைவிட அதிகமாகத் துள்ளிவிட்டேன். "ஏம்மா, அன்னைக்கு நீங்க சொல்லவேயில்லியே!" என்றேன். "நீங்க அட்வெல்ல யாரையாவது தெரியுமான்னுதானே கேட்டீங்க?" ஆகவே, அவருடைய நடுநிலையைப் பற்றி மேலே நான் எழுதிய புகழுரை முழுவதையும் தயவுசெய்து அடித்துவிட்டுப் படிக்கவும். விதிப்படி அவரும் எங்களோடு படிக்கட்டில் நின்றிருக்க வேண்டியவர். அன்றைக்கு எங்கள் தேர்வுக் குழு சட்டப்படி நடந்தது ஒரே ஒரு நேரம்தான், அவர் கன்று இழுக்கப் போன பின்னால், உள்ளே காபிப் பாத்திரம் மட்டும் இருந்தபோது. அந்தப் பாத்திரத்தின் முடிவு என்னவென்று தெரியாததால், தலைவர் என்ற முறையில் நானே அறிவிக்கிறேன்: அட்வெல்தான் போயிருக்கவேண்டும், பிரிஸ்கோ இல்லை, இதில் எனக்கு எள்ளளவும் சந்தேகம் கிடையாது. உங்கள் குழுவிடம் இதைச் சொல்லவேண்டாம், நான் தாத்தா. நாடகம் எதுவும் ஆடாமல் இரண்டு தடவையும் எழுந்து போன ஆள் இந்தக் கதையில் நீங்கள் ஒருவர்தான் என்பதால் நன்றி மட்டும் அப்படியே நிற்கிறது. அடுத்த தடவை நம் பிள்ளையின் பெயர் எங்கே வந்தாலும் இதேபோல் எழுந்து வெளியே போய்விடுங்கள். கோட்டை எடுத்துக்கொண்டு போங்கள்.